பெயரில்லாமல் வந்த மௌத்து அறிவித்தல்

மீராமுகைதீன் மச்சானின் வலது கை இப்போது நெஞ்சு மட்டத்துக்கு மேல் எழும்பாது. தொழுகைக்குத் தக்பீர் கட்டும்போது இடது கை காது வரை போகும், வலது கை பாதி வழியில் நின்றுவிடும். அந்தக் கையை உடைத்தது மண் வெட்டுகிற மம்பெட்டியின் பின்பக்கம். உடைத்தவர் ஹமீட் ஹாஜியாரின் மகன் சியாம். அடி விழுந்த நேரம் மச்சான் ஒரு கபுறுக்குள், பாதி தோண்டிய புதைகுழிக்குள், நின்றுகொண்டிருந்தார். அவருக்குப் பக்கத்தில் நானும் நின்றேன். அதனால்தான் இதை எழுதுகிறேன்.

மச்சான் என்று நான் சொல்வது என் தங்கச்சி சுஹறாவின் மாப்பிள்ளையை. இலங்கையின் கிழக்குக் கரையில், சாய்ந்தமருதில், முப்பத்தொரு வருஷமாகக் கபுர் வெட்டியவர். ஊராரை அடக்குகிற எங்கள் மையவாடி கடலுக்குப் பக்கம். மண் என்று பெயர்தான், முழுக்க மணல். தெரியாதவன் வெட்டினால் இரண்டு முழம் இறங்குவதற்குள் இரண்டு பக்கமும் சரிந்து ஆளையே மூடிவிடும். மச்சான் முதலில் தண்ணீர் ஊற்றி ஊறவிடுவார். பிறகு பலகை முட்டுக் கொடுத்து, கொஞ்சம் கொஞ்சமாக இறங்குவார். அவர் வெட்டிய கபுர் தானாகச் சரிந்ததை நான் கண்டதில்லை.

ஜனாஸா அடக்க வேண்டும் என்று ஆள் வந்தால் அவர் முதலில் கேட்பது பெயர். நேரத்தைக்கூட அதற்குப் பிறகுதான் கேட்பார். அதற்குக் காரணம் இருந்தது. சுனாமி அடித்த அன்றும் அதற்கடுத்த மூன்று நாளும் அவர் இருந்த இடம் நீளக் குழிகள்தான். வேலிக் கம்பியில் சிக்கியவர்கள், கிணற்றுக்குள் கிடந்தவர்கள், முகம் தெரியாமல் வீங்கியவர்கள். ஆரென்று கேட்க ஒருவரும் மிச்சமில்லாத பிள்ளைகள். எத்தனையோ பேரைப் பெயர் தெரியாமலே வைத்து மூடினார். அதற்குப் பிறகு ஒரு மாதம் சோறு இறங்கவில்லை என்று சுஹறா சொல்வாள். "பேர் தெரியாம இனி ஒருத்தருக்கும் மண் போடமாட்டன் மச்சான்" என்று என்னிடம் ஒருநாள் சொன்னார். சொன்னபடி நடந்தார்.

கட்டாரிலிருந்து வந்த அவருடைய மருமகன் ஒரு போன் கொடுத்தார். பள்ளிவாசல் ஜனாஸா அறிவித்தல் குழுவில் மச்சானையும் சேர்த்தார்கள். ஆள் இறந்து மௌத்தான வீட்டார் எல்லாரும் அவருக்குத்தான் போன் எடுப்பார்கள். எடுக்கிற ஒவ்வொரு நம்பரையும் மகள் றிஸ்லா பெயர் போட்டுப் பதிந்து கொடுப்பாள். ஊரில் பாதி வீட்டு நம்பர் அந்தப் போனுக்குள் கிடந்தது. அந்தப் போனில் அவர் படம் பார்க்கமாட்டார், பாட்டுக் கேட்கமாட்டார். ஜனாஸா அறிவித்தல் வந்தால் மட்டும் திறப்பார்.

அடி விழுந்த அன்று வியாழக்கிழமை. பகல் லுஹர் தொழுதுவிட்டு அவர் வீட்டு முற்றத்தில் செருப்பைக் கழற்றும்போது போன் சத்தம் போட்டது. தெரியாத நம்பர். மேலே, மௌத்துக்குச் சொல்கிற இன்னாலில்லாஹி எழுதியிருந்தது. கீழே, 'ஜனாஸா அறிவித்தல். பெயர், வீடு, நல்லடக்க நேரம் அறியக் கீழே அழுத்தவும்.' அவ்வளவுதான். எங்கள் அறிவித்தல்களில் பெயர் முதல் வரியிலேயே இருக்கும், இன்னாரின் மகன், இன்னாரின் கணவர் என்று. இதில் இல்லை. வேறு ஆளென்றால் விட்டிருப்பார்கள். பெயரில்லை என்பதற்காகவே மச்சான் அதை அழுத்தினார்.

ஒரு பக்கம் திறந்தது. கோப்புகளை ஏற்றி இறக்குகிற ஏதோ ஒரு தளம். பச்சை நிறத்தில் நாலைந்து பொத்தான்கள். ஒன்றை அழுத்தினால் அரைகுறை உடுப்போடு பெண்கள் வந்தார்கள், இன்னொன்றை அழுத்தினால் சூதாட்டம் வந்தது. மச்சான் அஸ்தஃபிருல்லாஹ் சொல்லிக்கொண்டு முகத்தைத் திருப்பி, கடைக்கண்ணால் பார்த்துப் பார்த்து அடுத்த பொத்தானைத் தேடினார். கடைசியில் ஒன்று போனுக்குள் இறங்கியது. 'இது தெரியாத இடத்திலிருந்து வருகிறது, போனுக்குக் கெடுதி வரலாம்' என்று போனே எச்சரித்ததாம். ஆனால் இங்கிலீஷில். மச்சான் மூன்றாம் வகுப்பு. நானும் அதற்கு மேல் அதிகம் இல்லை. கேட்டதற்கெல்லாம் ஓம் என்று அமத்திவிட்டார். பெயர் வரவில்லை. சிக்னல் இல்லையாக்கும் என்று போனைப் பொக்கட்டில் போட்டுக்கொண்டார்.

அந்த நேரம் அவருடைய போனிலிருந்து அதே செய்தி, அவர் பெயரோடு, ஊரின் பாதி வீடுகளுக்குப் போய்க்கொண்டிருந்தது.

எனக்கும் வந்தது. மீராமுகைதீன் மச்சான் அனுப்பியிருக்கிறார், ஜனாஸாதான், இதில் யோசிக்க என்ன இருக்கிறது? நானும் அழுத்தினேன். ஊரே அழுத்தியது. பெயர் ஒருவருக்கும் கிடைக்கவில்லை. பெயர் கிடைக்காதபோது ஊர் தானே ஒரு பெயரை வைத்தது. ஹமீட் ஹாஜியார் நெஞ்சு வலியோடு மூன்று நாளாக ஆஸ்பத்திரியில் கிடந்தார். தேத்தண்ணிக் கடையில் ஒருவர் "ஹாஜியார்தானாம்" என்றார். அது சந்திக்குப் போகும்போது 'ஹாஜியார்தான்' ஆகிவிட்டது.

நான் சைக்கிளை எடுத்துக்கொண்டு மச்சானிடம் ஓடினேன்.

"மச்சான், ஹமீட் ஹாஜியார் மௌத்தாம்."

"இன்னாலில்லாஹி. பேர் தேடிக்கிட்டுத்தான் இரிந்தன். உனக்கு ஆரு செல்லித் தந்த?"

"ஊரே செல்லுது. எனக்கு போன்லயும் வந்த."

பிழை நடந்தது அந்த இடத்தில்தான். எனக்கு வந்தது அவர் அனுப்பியது என்று நான் சொல்லவில்லை. அவருக்கு வந்ததை நான் கேட்கவில்லை. அவர் பெயரைக் கண்டு நான் நம்பினேன், என்னைக் கேட்டு அவர் நம்பினார். பள்ளிவாசல் செயலாளருக்கு எடுத்துக் கேட்கப் பார்த்தார். போன் சூடேறிக் கிடந்தது, அழைப்புப் போகவில்லை. "பின்னேரம் அஸர் தொழுகைக்குப் பிறகு அடக்குவாங்க, நேரம் இல்ல" என்று மம்பெட்டியைத் தோளில் வைத்தார். "ஹாஜியார் நல்ல உயரம். ஆறடி வேணும்."

நாங்கள் மையவாடிக்குப் போன அதே நேரம் ஹாஜியாரின் வீட்டுக்குள் பெண்கள் அழுதுகொண்டு நுழைந்திருக்கிறார்கள். ஹாஜியாரின் மனைவி ஸைனம்பு ராத்தா மகள் அஸ்மியாவோடு வீட்டில் இருந்தார். மகன் சியாம் ஆஸ்பத்திரியில் வாப்பாவோடு. அழுகிற பெண்களைக் கண்டதும் ராத்தா சுவரைப் பிடித்துக்கொண்டு நின்றார்.

"பொய்யா இரிக்கும் உம்மா, நில்லுங்க, ஆஸ்பத்திரியில நிக்கிற நானாவுக்கு போன் அடிச்சுக் கேக்கன்" என்று அஸ்மியா போனை எடுத்தாள். அவளும் அந்தச் செய்தியை அழுத்தியிருந்தாள். நம்பரைத் தட்டினால் அதற்கு மேல் விளம்பரம் வந்து மூடியது. விளம்பரத்தை விலக்கினால் போன் உறைந்து நின்றது. வந்திருந்த பெண்களின் போன்களும் அப்படியே. நாலு போன், ஒன்றிலிருந்தும் ஒரு வார்த்தை போகவில்லை. சியாமோ வாப்பாவின் கட்டிலுக்குப் பக்கத்தில் சும்மாதான் இருந்திருக்கிறார்.

"போன விடு மகள்," என்றாராம் ராத்தா. "மையித்தக் கழுவ முதல் முகத்த ஒருக்காப் பாத்திட்டு வாறன். பொறகு என்னை நாலு மாசம் இத்தாவுல இரித்திப் போடுவீங்க, வெளிய விடமாட்டீங்க."

செருப்பும் போடவில்லை. வீட்டு முன் ஒழுங்கை வழியாக ஓடி, முச்சக்கர வண்டி பிடிக்கப் பிரதான வீதிக்கு ஏறினார். அக்கரைப்பற்றுப் பக்கமிருந்து மீன் ஏற்றின கூலர் லொறி வந்தது. சாரதி பிரேக் அடித்த சத்தம் ஒழுங்கை முடிவு வரை கேட்டதாம். அடித்தும் லொறி நிற்கவில்லை. முன்சில்லும் ஏறியது, பின்சில்லும் ஏறியது. பின்னால் ஓடிவந்த அஸ்மியா உம்மாவின் முந்தானையைத்தான் முதலில் கண்டாள். மற்றதை நான் எழுதமாட்டேன். குளிப்பாட்டிய பெண்களே அதைப் பேசுவதில்லை.

அங்கே நின்ற ஒரு சிங்கள வியாபாரியின் போனை வாங்கி, மனப்பாடமாகத் தெரிந்த நம்பருக்கு அஸ்மியா எடுத்தாள். சியாம் வந்தார். தன் உம்மாவைக் கண்டார். ஏன் ஓடினார் என்று கேட்டார். சொன்னார்கள். ஆர் அனுப்பின செய்தி என்று கேட்டார். அதையும் சொன்னார்கள்.

நாங்கள் இடுப்பளவுக்கு இறங்கியிருந்தோம். மோட்டர் சைக்கிள்கள் இரண்டு, மையவாடிக் கேட்டை இடித்துக்கொண்டு வந்தன. சியாமும் அவருடைய கூட்டாளிகள் மூன்று பேரும். சியாமின் சேர்ட் முழுக்க இரத்தம். மச்சான் அதைக் கவனிக்கவில்லை. சூரியன் அவர் கண்ணுக்கு நேரே இருந்தது.

"வாங்க மகன். அல்லாஹ் பொறுமையத் தரட்டும்" என்றார்.

"ஆருக்கு வெட்டுறீங்க?"

"வாப்பாவுக்குத்தான் மகன்."

"என்ட வாப்பா கட்டில்ல இரிந்து கஞ்சி குடிக்காரு!"

 சியாம் கரையில் கிடந்த என் மம்பெட்டியை எடுத்தார். "என்ட உம்மா ரோட்டுல கிடக்கா. வாப்பாட மௌத்தக் கேட்டு ஓடி லொறிக்குள்ள போயிட்டா. உங்கட போனால வந்த மௌத்து!"

முதல் அடி தோளில் விழுந்தது. எலும்பு முறிந்த சத்தம் எனக்குக் கேட்டது, காய்ந்த மட்டையை முழங்காலில் வைத்து முறிப்பதுபோல. மச்சான் சரிந்து பலகையில் விழ, முட்டுக் கழன்று ஒரு பக்க மணல் முழுக்க அவர்மேல் இறங்கியது. இடுப்பு வரை புதைந்துவிட்டார். அசைய முடியாத மனிதனைச் சியாம் மறுபடி அடித்தார். முதுகில், கையில், மறுபடி அதே தோளில். நான் சியாமின் காலைப் பிடித்தேன். ஒரு கூட்டாளி என் வாயில் உதைத்தான். இரண்டு பற்கள் மணலில் விழுந்தன. இன்னொருவன் மச்சானின் பொக்கட்டிலிருந்து போனைப் பிடுங்கி, ஒரு கபுறின் தலைமாட்டில் நட்ட மீசான் கட்டையில் வைத்துக் கல்லால் குத்தினான். போன் தூளான பிறகும் குத்திக்கொண்டே இருந்தான்.

மச்சான் கத்தவில்லை. "எந்த உம்மா? ஸைனம்பு ராத்தாவா? ஸைனம்பு ராத்தாவா மகன்?" என்று அதையே கேட்டுக்கொண்டிருந்தார். அந்தக் கேள்விதான் சியாமை நிறுத்தியது. மம்பெட்டியை எறிந்துவிட்டுக் கபுறின் கரையில் குந்தி, தன் தலையிலேயே இரண்டு கையாலும் அடித்துக்கொண்டு ஊளையிட்டார். பிறகு எழும்பி விரலை நீட்டினார்.

"இந்த மையவாடிக்குள்ள இனி உங்கட கால் படக்கூடாது. பட்டா, அந்தக் குழிக்குள்ளயே வைச்சு மூடுவன்."

நான் மச்சானைக் கையால் தோண்டித்தான் எடுத்தேன்.

அதோடு முடியவில்லை. பின்னேரம் மற்றவர்களின் கோபம் வந்தது. அழுத்தின போன்களிலிருந்து குடும்பப் படங்கள் போய்விட்டன. இரண்டு மூன்று பெண்களுக்கு, அந்தப் படங்களை வைத்துத் தெரியாத நம்பர்களிலிருந்து மிரட்டல் வந்தது. சிலருடைய வங்கிக் கணக்கும் வழித்தெடுக்கப்பட்டது. கள்ளன் எங்கே இருக்கிறான் என்று ஒருவருக்கும் தெரியாது. மீராமுகைதீனின் வீடு எங்கே என்று எல்லாருக்கும் தெரியும். கல் வந்தது. ஓடு உடைந்தது. கதவைச் சாத்தப் போன சுஹறாவின் நெற்றியில் ஒரு கல் பட்டுப் புருவம் பிளந்தது. "கபுர் வெட்டுறவன் ஊரையே வெட்டிட்டான்" என்று ஒருவன் சிரித்துக்கொண்டு கத்தினான். ஊர் ஜனாஸாவில் நிற்கும்போது சிரித்த அந்தக் குரலை என்னால் மறக்க முடியவில்லை.

சந்தியில் போன் திருத்துகிற அஸ்கிதான் வந்து குறுக்கே நின்றான். "நீங்க எல்லாரும் அமத்தினீங்கதானே? உங்கள ஆரும் கழுத்தப் பிடிச்சா அமத்தச் சென்ன? அவருக்கும் ஒருத்தன் அனுப்பினதுதான். உள்ள பூந்திட்டா நம்மட பேர்ல எல்லாருக்கும் அதுவே அனுப்பும். தெரியாத இடத்தில கிடக்கிற ஒண்ட இறக்குறது, பாதையில கிடக்கிற சோத்துப் பார்சல அவிழ்த்துத் திண்டது மாதிரி. நான் கடையில போர்ட்டே எழுதி வைச்சிரிக்கன், ஒருத்தரும் வாசிக்கல்ல." அவனுக்கும் ஒரு கல் விழுந்தது. ஆனால் கூட்டம் கலைந்தது.

ஆஸ்பத்திரியில் பொலிஸ் வந்து, அடித்தது ஆர் என்று மச்சானிடம் கேட்டது. அவர் மயக்க ஊசியின் அரைத்தூக்கத்தில் இருந்தார்.

"ஜனாஸா அடக்கிட்டாங்களா?" என்று கேட்டார்.

"அதுக்கும் இதுக்கும் என்ன?"

"அவர்தான் உம்மாவக் குழிக்குள்ள இறக்கி வைக்கணும். வைச்சு மண் போட்ட பொறகு வாங்க, பேர் செல்றன். அதுக்கு முதல் எனக்கு வாய் வராது."

அந்த அடக்கம் எங்கள் தலையில் விழுந்தது. ஆறடி வெட்டிய கபுறில் உம்மாவை வைக்கச் சியாம் விடவில்லை. அதை மூடிவிட்டு வேறிடத்தில் நானும் மூன்று பேரும் வெட்டினோம். மச்சான் இல்லாமல் நாங்கள் வெட்டிய முதல் கபுர். இரண்டு தரம் சரிந்தது. ராத்தாவின் உடலை வாங்குவதற்குச் சியாம் இறங்கி நின்றபோது மூன்றாம் தரம் சரிந்து அவருடைய முழங்காலை மூடியது. கையில் உம்மாவைச் சுற்றிய கபன் துணி, காலை இழுக்க முடியவில்லை. மேலே நின்ற ஆட்கள் ஒருவரை ஒருவர் ஏசினார்கள். ஒருவன் என்னைப் பார்த்து, "மீரா காக்கா இரிந்தா..." என்று தொடங்கி, சியாமின் முகத்தைக் கண்டதும் நிறுத்திக்கொண்டான்.

மண் போட்ட பிறகு பொலிஸ் மறுபடி போனது. மச்சான் பெயரைச் சொன்னார். மறைக்கவுமில்லை, கூட்டவுமில்லை. வழக்கு வேண்டாம் என்றும் சொன்னார். ஆனால் எலும்பு முறிந்த வழக்கை அப்படி விடமாட்டார்களாம். சியாம் இரண்டு கிழமை உள்ளே இருந்து பிணையில் வந்தார்.

பிளாஸ்டர் போட்ட கையோடு மச்சான் வீட்டிலே கிடந்தார். மௌத்துச் செய்தி கேட்டால் எழும்பி உட்காருவார், பிறகு படுத்துவிடுவார். கபுர் வெட்ட ஆள் தேடிப் பள்ளிவாசல் மரைக்கார்மார் அலைந்தார்கள். அவரைக் கூப்பிட அவர்களுக்குச் சியாமை நினைத்துப் பயம். மச்சானுக்கு அந்தக் கவலை இல்லை. "மனிசர்ட ஹக்க, அவங்களுக்குச் செஞ்ச பிழைய, அந்த மனிசர்தான் மன்னிக்கணும், அல்லாஹ்கூட அவங்களுக்காக மன்னிக்கமாட்டான். நான் ஆருகிட்டப் போய்க் கேக்க?" என்று என்னைக் கேட்பார். நான் என்ன மார்க்கம் படித்த ஆலிமா?

ஹாஜியார் சுகமாகி வீட்டுக்கு வந்துவிட்டார் என்று கேள்விப்பட்டதும், "கூட்டிப் போ மச்சான்" என்றார். போனோம்.

கதவைத் திறந்தது அஸ்மியா. மச்சானைக் கண்டதும் அவளுடைய கண் சிவந்தது. "என்ன, வாப்பாவ அளந்திட்டுப் போக வந்தீங்களா? ஆறடிதான், குறையல்ல."

 உள்ளேயிருந்து ஹாஜியார் "விடு மகள்" என்றார். கதிரையில் சாய்ந்து உட்கார்ந்திருந்தார், பாதி ஆளாய்ப் போயிருந்தார். மச்சான் அவருக்கு முன்னால் நிலத்தில் உட்கார்ந்தார்.

"ஹாஜியார், மன்னிப்புக் கேக்க வந்தன்."

ஹாஜியார் கை ஓங்கினார். அந்தக் கையில் பலமில்லை. மச்சானின் கன்னத்தில் பட்டு வழுகி விழுந்தது. மறுபடி ஓங்கினார், அதுவும் அப்படியே. மூச்சு வாங்கியது அவருக்கு. அஸ்மியா ஓடிவந்து நெஞ்சைத் தடவினாள்.

"எங்கிட்டக் கேக்காத மீரா," என்றார். "என்னை உயிரோட மௌத்தாக்கினியே, அத வேணுமெண்டா நான் விடலாம். மத்தது அவட ஹக். அவகிட்டப் போய்க் கேளு."

"மையவாடிக்குள்ள கால் வைக்கக்கூடாதெண்டு மகன் செல்லிரிக்கார்."

"மையவாடி என்ட மகன் எழுதி வாங்கின காணியா? போய்க் கேளு."

வீட்டுக்குத் திரும்பவில்லை. நேரே போனோம். சியாம் அங்கே இருந்தார். நாங்கள் சரியாக வெட்டாத அந்தக் கபுர் மழைக்கு அமுங்கி, தலைமாட்டில் பள்ளம் விழுந்திருந்தது. அவர் வெளியிலிருந்து கொண்டுவந்த ஈரமண் கட்டிகளை அள்ளி அள்ளிப் போட்டுக்கொண்டிருந்தார். கேட்டுக்குள் மச்சானைக் கண்டதும் நிமிர்ந்தார்.

"செல்லித்தானே இரிக்கன்?"

மச்சான் நிற்கவில்லை, நடந்தார். முதல் கட்டி வந்து பிளாஸ்டரில் உடைந்தது. நான் முன்னால் பாய்ந்தேன். "நில்லு மச்சான், எறியட்டும்" என்றார். இரண்டாவது நெஞ்சில் பட்டது. மூன்றாவது வாயில். உதடு வெடித்து இரத்தம் தாடிக்குள் இறங்கியது. அவர் நடந்துகொண்டே இருந்தார். சியாமின் கையில் நாலாவது கட்டி இருந்தது. மச்சான் கிட்ட வந்துவிட்டார், அவ்வளவு கிட்ட நின்று ஒரு மனிதனை எறிய முடியாது. கட்டியை விரல்களாலேயே நசுக்கிப் பள்ளத்துக்குள் கொட்டிவிட்டு, சியாம் கேட் வழியாக வெளியே போனார். மோட்டர் சைக்கிள் உதைபட்டது, ஆனால் உடனே போகவில்லை. கொஞ்ச நேரம் அங்கேயே நின்று உறுமியது.

மச்சான் ஸைனம்பு ராத்தாவின் தலைமாட்டில் உட்கார்ந்தார். இரத்தத்தைத் துடைக்கவில்லை. நான் தள்ளி நின்றேன். அவர் என்ன கேட்டார் என்று எனக்குக் கேட்கவில்லை, பதில் கிடைக்கிற இடமும் அது இல்லை. அஸருக்குப் பாங்கு சொல்லும் வரை அங்கேயே இருந்தார்.